ஐயத்தின் எல்லை



மலைமேல் புகை தோன்றுகிறது. ஆதலின் அங்கு நெருப்பு உண்டு. தருக்க நூல் எதனைப் புரட்டினும் முதலில் எதிர்ப்படும் எடுத்துக்காட்டு இதுவே. சிறுவரும் ஒப்பும் இம்முடிவின்மேல் இந்திய மெய்யியலார் பல நூற்றாண்டுகள் வாதிட்டனர். அவ்வழக்கு புகையைப் பற்றியது அன்று. கண்டதைக் கொண்டு காணாததை அறிந்தேன் என்று சொல்ல மனிதனுக்கு உரிமை உண்டா என்பதே வழக்கு.

வடமொழியார் பிரமாணம் என்பதைத் தமிழர் அளவை என்றனர். நெல்லுக்கு மரக்கால் போல அறிவுக்கும் ஓர் அளவுகருவி வேண்டும் என்னும் கருத்து அச்சொல்லிலேயே கிடக்கிறது. மணிமேகலையின் 27ஆம் காதை பத்து அளவைகளைக் கூறும். நியாய நூலார் காட்சி, கருதல், ஒப்பு, உரை என நான்கே கொண்டனர். இவற்றுள் கருதலே அவர்தம் கோட்டை. அக்கோட்டையைத்தான் சாருவாகர் தாக்கினர்.

அடுக்களையில் நூறு முறை புகையும் நெருப்பும் சேர்ந்திருக்கக் கண்டோம். கண்டது நூறே. இனி வரும் காலத்துப் புகைக்கும், செல்லாத நாட்டுப் புகைக்கும் யார் பிணை? புகை உள்ள இடமெல்லாம் நெருப்பு உண்டு என்னும் வியாத்தியைக் காட்சியால் அறிய இயலாது; கருதலால் அறியலாம் எனின், அக்கருதலுக்கும் வேறொரு வியாத்தி வேண்டும். மேலும், நெருப்புள்ள இடமெல்லாம் புகை உண்டு என்று ஒருவன் சொன்னால், பழுக்கக் காய்ந்த இரும்பு அதனைப் பொய்யாக்கும். புகைக்கு ஈரவிறகும் வேண்டும் என்பது அப்போதுதான் தெரியவரும். அவ்வாறே இன்னும் கண்ணிற் படாத நிபந்தனை ஒன்று நம் முடிவிலும் மறைந்திருந்தால்? இது குதர்க்கம் அன்று, நேர்மையான கேள்வி.

10ஆம் நூற்றாண்டின் இறுதியில் வாழ்ந்த உதயணர் நியாயகுசுமாஞ்சலியில் இதற்கு விடை கண்டார். இறைவன் உண்மையை நிறுவுவதே அந்நூலின் நோக்கமாதலின், கருதல் சரிந்தால் நூலே சரியும். அவர் விடை கூர்மையானது: வேறிடத்தில், வேறு காலத்தில் பிறழலாம் என்று ஐயுறுகின்றீரே, காணாத அவ்விடத்தையும் காலத்தையும் எதனால் அறிந்தீர்? கருதலால் அன்றோ? ஐயம் எழலாம், ஐயுறுவோன் தன் செயலோடு தானே முரணும் இடத்தில் அது நின்றுவிடும்.

12ஆம் நூற்றாண்டில் அத்வைதியாகிய ஸ்ரீஹர்ஷர், உதயணரின் செய்யுளில் சில எழுத்துகளை மட்டும் மாற்றி அதனை அவர்க்கே எதிராகத் திருப்பினார். முரண் உண்டென்றால் ஐயமும் உண்டு. ஐயத்தைப் பற்றி நிற்கும் முரண் ஐயத்தை எவ்வாறு நிறுத்தும்? குறும்பு நிறைந்த மறுப்புத்தான்; எனினும் இரு நூற்றாண்டுகள் கழித்து மிதிலையின் கங்கேசர் தத்துவசிந்தாமணியில் விடை எழுதவேண்டிய அளவுக்கு அதற்கு வலுவிருந்தது. புகை வேண்டுவோன் நெருப்பைத் தேடுகிறான். பசித்தவன் உணவை நாடுகிறான். பிறர்க்கு உணர்த்த விழைவோன் சொல்லைக் கையாள்கிறான். இவ்வாறு தயங்காது செயற்படுவோனிடம் அவ்வையம் உண்மையில் இல்லை என்பது கங்கேசர் துணிபு.

இவ்விடை முழுமையானதா? ஐயம் இல்லை என்பதை அது காட்டுகிறது. பிழை நேராது என்பதைக் காட்டவில்லை. பசித்தவன் எதிர்பார்ப்பு ஒன்றினாலேயே உண்ணலாம் அல்லவா? நியாய நூலார் இக்குறையை ஒருவாறு உணர்ந்தே இருந்தனர். மறுக்கப்படும் வரை அறிவு தானே மெய்யாகும் என்றார் மீமாஞ்சகராகிய குமாரிலர். நியாயரோ, தொலைவில் தோன்றியது நீரா கானலா என்பதை அருகே சென்று பருகித்தான் அறியவேண்டும் என்றனர். இறைவனை நிறுவப் புகுந்தவர்கள் இவ்வளவு எச்சரிக்கையோடு இருந்தது குறிக்கத்தக்கது.

தருக்க சங்கிரகத்தைச் சிவஞான முனிவர் 18ஆம் நூற்றாண்டில் தமிழாக்கியதால் இம்மரபு மடங்களிலும் பயிலப்பெற்றது. சாருவாகரின் மூலநூலோ கிடைக்கவில்லை. அவர்தம் கேள்விகள் பெரிதும் எதிரிகளின் ஏடுகளில்தான் எஞ்சின. 14ஆம் நூற்றாண்டில் மாதவர் தம் சர்வதரிசன சங்கிரகத்தின் முதல் இயலையே அவர்களுக்கு அளித்தார். அச்சார்பினர் எனப் பலரும் கருதும் ஜயராசியின் தத்துவோபப்லவசிம்மம் பரோடாவில் அச்சேறியது 1940இல்தான்.