பறங்கியர் பேச்சுக்காக ஒரு வழக்கு



பர்னாந்து, மோத்தா, மச்சாது, ரொட்ரிகோ என்ற பெயர்களுக்குக் குறைவில்லாத ஊர் நம் தூத்துக்குடி. போர்த்துக்கீசியரின் பெயர் இங்கே வந்தது, பேச்சு வரவில்லை. 1530-களில் முத்துக்குளித்துறைப் பரதவர் ஊர் ஊராகத் தம் தலைவர்களோடு ஞானஸ்நானம் பெற்றார்கள். அத்தனை பெரிய கூட்டத்தின் முன் குருக்கள்தான் தமிழ் படிக்க வேண்டியதாயிற்று. புன்னைக்காயலில் தங்கித் தமிழ் கற்ற ஹென்றிக்கஸ் அடிகளாரின் ‘தம்பிரான் வணக்கம்’ 1578-இல் கொல்லத்தில் அச்சேறியது. கடலுக்கு அப்பால் இலங்கையின் மட்டக்களப்பில் நடந்தது வேறு. அங்கே கலப்பு மணத்தில் பிறந்த சிறு சமூகம், நாம் பறங்கியர் என்று சொல்லும் மக்கள், போர்த்துக்கீசிலிருந்து கிளைத்த ஒரு மொழியை வீட்டுமொழியாக்கிக்கொண்டது. மட்டக்களப்பிலும் திருகோணமலையிலும் சில குடும்பங்களில் இன்றும் அது பேசப்படுகிறது. அதைக் காப்பதில் தமிழனுக்குப் பங்குண்டு என்பதே என் வழக்கு.

“ஆதிக்கக்காரனின் மொழிக்கு நாம் ஏன் வாதாட வேண்டும்?” என்பார்கள். மட்டக்களப்புக் கோட்டையைப் போர்த்துக்கீசியரிடமிருந்து டச்சுக்காரர் பிடித்தது 1638-இல். அன்று முதல் அங்கே அந்த மொழிக்குப் பின்னால் ஒரு சிப்பாய்கூடக் கிடையாது. தச்சரும் கொல்லரும் பேசிக் காத்த மொழியை ஆதிக்க மொழி என்பது எந்த ஊர் நியாயம்? “சரி, அது வெறும் கொச்சை” என்பார் அடுத்தவர். போர்த்துக்கீசே ஒரு காலத்தில் லத்தீனின் கொச்சைதானே ஐயா! பறங்கியரின் கொச்சைக்குள் கொஞ்சம் எட்டிப் பாருங்கள். லிஸ்பனில் பெயருக்கு முன்னால் நிற்கும் ‘பாரா’, மட்டக்களப்பில் ‘ப’ என்று சுருங்கி, நம் நான்காம் வேற்றுமை ‘கு’ போலப் பெயருக்குப் பின்னால் போய் ஒட்டிக்கொள்கிறது. வினை வாக்கியத்தின் கடைசிக்கு நகர்ந்துவிட்டது. “எனக்குப் பசிக்கிறது” என்று நாம் சொல்லும் அதே அமைப்பில் அவர்களும் பசியைச் சொல்கிறார்கள். சொல் அவர்களுடையது, நடை நம்முடையது. இதைக் கொச்சை என்று தள்ளுகிறவர் தமிழின் சாயலைத்தான் தள்ளுகிறார்.

“விரல்விட்டு எண்ணும் பேருக்கு மொழி உரிமையா?” என்ற கேள்வியைத் தமிழ்நாட்டில் ஒருவர் கேட்கலாமா? எண்ணிக்கையைக் காட்டி இந்தியைக் கொண்டுவந்தபோது நாம் என்ன பதில் சொன்னோம்? கொச்சியை அடுத்த வைப்பினில் பறங்கியர் பேச்சின் தங்கைமொழியைப் பேசிய கடைசி மனிதர் வில்லியம் ரொசாரியோ 2010-இல் இறந்தார். எண்ணிக்கையே அளவுகோல் என்றால் இதுதான் முடிவு: பத்தாயிரம் பேருக்குக் குறைந்த மொழிகளுக்கு நம் மக்கள்தொகைக் கணக்கு தனி வரிகூடத் தருவதில்லை.

கனமான மறுப்பு ஒன்று உண்டு. “அவர்களே விட்டுவிட்டுப் போகிறார்கள், யார் தடுத்தது?” யாரும் தடுக்கவில்லைதான். ஆனால் அவர்கள் எந்த மொழிக்குப் போகிறார்கள்? பள்ளியிலும் தெருவிலும் சந்தையிலும் கேட்கும் தமிழுக்கு! 1956-இல் தனிச்சிங்களச் சட்டம் வந்தபோது தமிழரும் பறங்கியரும் ஒரே பக்கம் தள்ளப்பட்டார்கள். 2004 சுனாமி, பறங்கியர் வாழ்ந்த டச் பார் குடியிருப்பைச் சூறையாடியது. இத்தனைக்கும் தப்பிய பேச்சு தமிழின் நிழலில் கருகினால், அந்தப் பழி சிங்களத்தின் மேல் விழாது.

லிஸ்பன் ஆய்வாளர் ஊகோ கார்தோசோவின் குழு அந்தப் பேச்சை ஒலிப்பதிவு செய்திருக்கிறது. நெல்லைப் பல்கலைக்கழகமும் கிழக்குப் பல்கலைக்கழகமும் அந்தப் பதிவுகளிலிருந்து பாடம் செய்யட்டும். மட்டக்களப்புத் தமிழ்ப் பள்ளிகள் பறங்கியர் பிள்ளைகளுக்கு அந்த மொழியில் வாரம் ஒரு வகுப்பாவது ஒதுக்கட்டும். 1554-இல் லிஸ்பனில் போர்த்துக்கீசியர் நம் தமிழைத் தம் எழுத்தில் அச்சிட்டார்கள். பறங்கியர் பேச்சைத் தமிழ் எழுத்தில் ஒரு பாடநூலாக அச்சிடும் செலவைத் தூத்துக்குடி ஏற்கட்டும் என்று இந்த மேடையிலிருந்து கேட்டுக்கொள்கிறேன்.