நவாப் வாங்கிய கடனும் நம் ஊர் கட்டிய வட்டியும்

(பெரம்பலூர், அரியலூர் வட்டார விவசாயிகளிடையே ஆற்றிய உரை)



அப்பன் புரோநோட்டு எழுதிக் கொடுத்துவிட்டுச் செத்துப் போகிறான். கடன் கொடுத்தவர் மகனிடம் வருகிறார். மகன் என்ன செய்வான்? நோட்டைக் காட்டுங்கள் என்பான். கையெழுத்து அப்பனுடையதுதானா, அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இதுவரை வரவு வைத்தது எவ்வளவு என்று கேட்பான். நாலு பெரிய மனிதரைக் கூட்டிவைத்துக் கணக்குப் பார்த்த பிறகுதான் பணத்தை எண்ணி வைப்பான். எழுதப் படிக்கத் தெரியாத குடியானவனுக்கும் இந்த நியாயம் தெரியும்.

ஆனால் ஒரு காலத்தில் இந்தச் சீமையின் குடியானவர்கள் தாங்கள் வாங்காத கடனுக்கு, தாங்கள் கண்ணால் பார்க்காத பத்திரத்துக்கு, கடல் கடந்து வந்தவர்களுக்கு வருடக் கணக்கில் பணம் கட்டினார்கள். கணக்குக் கேட்க அவர்களுக்கு வாயில்லை. வரலாற்றில் அதற்கு 'ஆர்க்காட்டு நவாப் கடன்' என்று பெயர். அந்தக் கதையைத்தான் இன்று சொல்லப் போகிறேன்.

ரஞ்சன்குடியில் ஏறிய செலவு

சென்னை - திருச்சி நெடுஞ்சாலையில் போகிறவர்கள் பெரம்பலூருக்கு வடக்கே ரஞ்சன்குடிக் கோட்டையைப் பார்த்திருப்பீர்கள். 1751ல் அந்தக் கோட்டையை ஒட்டி, வாலிகண்டபுரம் வட்டாரத்தில் ஒரு பெரும் சண்டை நடந்தது. நவாப் பட்டத்துக்குப் போட்டியிட்டவர் இரண்டு பேர். சந்தா சாகிபுக்குப் பின்னால் பிரெஞ்சுக்காரன்; முகமது அலிக்குப் பின்னால் ஆங்கிலேயன். அந்தச் சண்டையில் ஆங்கிலேயப் படை நிலைகுலைந்து திருச்சிக்கு ஓடியது. ஆனால் அடுத்த ஆண்டே சந்தா சாகிப் கொல்லப்பட்டார். 1763ல் பாரிஸ் நகரில் கையெழுத்தான உடன்படிக்கை முகமது அலியே கர்நாடகத்தின் நவாப் என்று ஒப்புக்கொண்டது.

பட்டம் கிடைத்தது, கூடவே பற்றுச் சீட்டும் வந்தது. சிப்பாயின் சம்பளம், குண்டு, மருந்து, வண்டி மாடு என்று கும்பினி தன் யுத்தச் செலவை நவாபின் கணக்கில் எழுதியது. இது முதல் கடன்.

இரண்டாவது கடன்தான் விபரீதமானது. சென்னையிலிருந்த கும்பினி உத்தியோகஸ்தர்களே தனிப்பட்ட முறையில் நவாபுக்கு வட்டிக்குக் கொடுத்தார்கள். 30 சதம், 36 சதம் என்று போன வட்டி, பின்னர் 20 ஆகி, 10 ஆகியது. நவாபோ ஆர்க்காட்டை விட்டுச் சேப்பாக்கத்தில் அரண்மனை கட்டிக்கொண்டு கடன் கொடுத்தவர்களின் பக்கத்திலேயே குடியிருந்தார்.

இங்கே ஒரு கேள்வி. கும்பினியில் கொஞ்சச் சம்பளத்துக்கு வந்தவனிடம் லட்சக்கணக்கில் கடன் கொடுக்கப் பணம் ஏது? பால் பென்ஃபீல்டு என்பவன் 1764ல் சென்னைக்கு வந்தான். கும்பினியில் அவன் கட்டட வேலைக்காரன். பன்னிரண்டு ஆண்டுகளில், தனக்கு இரண்டு லட்சம் பவுனுக்கு மேல் பாக்கி வர வேண்டும் என்று உரிமை கொண்டாடினான்! ஊரான் வீட்டு நெய்யே என்று இங்கே எடுத்து, அங்கே கொடுத்து, இரண்டு பக்கமும் எழுதிக்கொண்ட கணக்கு இது.

அரியலூர் மீது படை

கடன் ஏறினால் வசூல் வேண்டும். வசூலுக்கு நிலம் வேண்டும். கப்பம் பாக்கி என்றும், 1764ல் மதுரை முற்றுகைக்கு ஆள் அனுப்பவில்லை என்றும் அரியலூர், உடையார்பாளையம் பாளையக்காரர்கள் மீது நவாப் குற்றம் சாட்டினார். 1765 ஜனவரியில் அவருடைய மகன் உம்தத்-உல்-உம்ரா திருச்சியிலிருந்து படையோடு புறப்பட்டு வந்தார். ஒரே மாதத்துக்குள் இரண்டு பாளையங்களும் விழுந்தன. பாளையக்காரர்கள் குடும்பத்தோடு டேனிஷ்காரர்களின் தரங்கம்பாடிக்கு ஓடினார்கள்.

ஓடுவதற்குப் பாளையக்காரருக்குத் தரங்கம்பாடி இருந்தது. உழுகிறவனுக்கு எது இருந்தது? அவன் இங்கேயே நின்றான். நேற்று பாளையக்காரருக்குக் கொடுத்தான். இனி நவாபுக்குக் கொடுத்தான்.

நவாபின் சீமைகளில் வசூல் எப்படி நடந்தது? ஒரு சீமையின் வரி வருவாயைக் கடன் கொடுத்தவர் பேருக்கு நவாப் எழுதிக் கொடுத்துவிடுவார். குத்தகைதாரர் அறுவடைக்கு முன்பே தவணை கட்ட வேண்டும். கையில் பணம் இல்லாததால் அவரும் வட்டிக்கு வாங்குவார். இடையிலே துபாஷிக்குத் தரகு. வட்டிக்கு மேல் வட்டி, தரகுக்கு மேல் தரகு. எல்லாம் கடைசியில் களத்து மேட்டில் குடியானவனின் அம்பாரத்தில் வந்து விடிந்தது.

கொள்ளிடத்துக்குத் தெற்கேயும் இதே கதைதான். 1773ல் ஆங்கிலேயப் படையின் துணையோடு தஞ்சாவூரை நவாப் பிடித்தார். அங்கே விளைந்த பயிரின் மேலேயே பென்ஃபீல்டு பாத்தியதை கொண்டாடினான். 1776ல் தஞ்சையை ராஜாவிடம் திருப்பிக் கொடுத்த சென்னை கவர்னர் பிகட்டை அவருடைய கவுன்சில்காரர்களே கைது செய்தார்கள். அடுத்த ஆண்டு காவலிலேயே அவர் செத்தார். கவர்னரையே சிறை வைத்த கூட்டத்தின் முன்னால் குடியானவன் எம்மாத்திரம்?

விசாரணை இல்லாத தீர்ப்பு

1780 முதல் 1784 வரை ஹைதர் அலியோடும் திப்புவோடும் யுத்தம். கர்நாடகம் முழுவதும் கிராமங்கள் எரிந்தன, பஞ்சம் வந்தது. அந்தச் சாம்பலின் மேல் நின்றுகொண்டு, லண்டனில் கடன் தீர்க்கும் ஏற்பாடு நடந்தது.

1784ல் பார்லிமெண்டு நிறைவேற்றிய சட்டமே, கடனின் மூலத்தையும் நியாயத்தையும் விசாரிக்கும்படி சொல்லியது. கும்பினி டைரக்டர்களும் விசாரணைக்கு உத்தரவு தயாரித்தார்கள். ஹென்றி டண்டாஸ் ஆதிக்கத்திலிருந்த கட்டுப்பாட்டு வாரியம் அதை அடித்துவிட்டது. விசாரணையே வேண்டாம், கர்நாடக வருவாயிலிருந்து ஆண்டுக்கு 12 லட்சம் வராகன், அதாவது 4,80,000 பவுன் கொடுத்து வா என்று கட்டளையிட்டது.

1785 பிப்ரவரி 28ல் எட்மண்ட் பர்க் பார்லிமெண்டில் இதைக் கிழித்துக் காட்டினார். பர்க் நம்மைச் சேர்ந்தவர் அல்ல. பின்னாளில் பிரெஞ்சுப் புரட்சியைத் தூற்றியவர். அவரே சொன்னார்: குதிரைப் படைக்குச் சம்பள பாக்கி கொடுப்பதற்காக 1777ல் ஒரு கடன் எழுதப்பட்டது, வரியை உடனே எழுதி வாங்கிக்கொண்டார்கள், சிப்பாய்களோ இரண்டு ஆண்டு கழித்தும் சம்பளத்துக்குக் காத்துக் கிடந்தார்கள். பென்ஃபீல்டு தன்னையும் சேர்த்து எட்டுப் பேரைப் பார்லிமெண்டுக்குக் கொண்டுவந்தான் என்றும் குற்றம் சாட்டினார். கணக்குக் கேட்க வேண்டிய சபையில் கடன்காரனின் ஆட்களே உட்கார்ந்திருந்தால், கணக்கு எப்படி வெளிவரும்? தீர்மானம் தோற்றது.

1801ல் கும்பினி கர்நாடகத்தையே எடுத்துக்கொண்டது. அதன் பிறகு, மிச்சக் கடன் என்று சொல்லிக்கொண்டு புதிதாக ஒரு கூட்டம் பத்திரங்களோடு வந்தது. இப்போது கொடுக்க வேண்டிய கஜானா கும்பினியின் கையில். உடனே விசாரணை தேவைப்பட்டுவிட்டது! 1805ல் கமிஷன் போட்டார்கள். வந்த கோரிக்கைகள் 3 கோடிப் பவுனுக்கு மேல். முதல் ஆண்டுகளில் தீர்ப்பான 2 கோடியே 3 லட்சம் சொச்சத்தில், செல்லும் என்று நின்றது 13 லட்சத்து 46 ஆயிரம் சொச்சம்தான். பதினைந்தில் ஒரு பங்கு! மற்றதெல்லாம் தள்ளுபடி.

தோழர்களே, விசாரித்த கடனில் பதினைந்தில் ஒன்றுதான் மெய் என்றால், விசாரிக்காமல் கொடுத்த கடனில் மெய் எவ்வளவு? அந்தக் கணக்கை எவனும் எழுதவில்லை. அதைக் கட்டியவர்களின் பேரும் எந்தப் பத்திரத்திலும் இல்லை.

இன்னொரு நாட்டில்

இதே காலத்தில் அமெரிக்காவிலும் ஒரு கடன் வழக்கு நடந்தது. பின்னாளில் ஜனாதிபதியான தாமஸ் ஜெபர்சனின் மாமனார் 1773ல் இறந்தார். அவர் சொத்தோடு, பிரிஸ்டல் வியாபாரிகளுக்கு அவர் வைத்த கடனும் குடும்பத்தின் தலையில் விழுந்தது. சுதந்திர யுத்தம் முடிந்து 1783ல் பாரிசில் செய்த உடன்படிக்கை, பழைய கடனை வசூலிக்கத் தடை கூடாது என்றது. ஜெபர்சன் சும்மா தலையாட்டவில்லை. யுத்த காலத்து வட்டியைக் கொடுக்க மாட்டேன் என்று வாதாடினார், தவணை பேசினார். 1802ல் அமெரிக்க அரசே 6 லட்சம் பவுன் கொடுத்து, நாட்டின் பழைய கடன் தகராறுகளைப் பிரிட்டனோடு முடித்துக்கொண்டது.

பேரம் பேச அவருக்குச் சொந்த அரசு இருந்தது. நம் குடியானவனுக்கு அது இல்லை. ஆனால் இரண்டு இடத்திலும் ஒன்று பொது. ஜெபர்சன் தம் கடனை அடைக்க நிலத்தோடு அடிமைகளையும் விற்றார். 1826ல் அவர் கடனாளியாகவே இறந்தபின் அவர் பண்ணை அடிமைகள் ஏலத்துக்கு வந்தார்கள். வாங்கியவன் ஒருவன், விலை கொடுத்தவன் வேறொருவன்.

1918ல் ரஷ்யாவின் சோவியத் அரசு, ஜார் வாங்கிய வெளிநாட்டுக் கடன் செல்லாது என்று அறிவித்தபோது, உலகத்து லேவாதேவிக்காரர்கள் கூச்சல் போட்டார்கள். மக்கள் வாங்காத கடனை மக்கள் ஏன் கட்ட வேண்டும் என்ற கேள்வி அன்று ஒரு அரசின் வாயிலிருந்தே வந்தது.

கணக்கைக் கேளுங்கள்

நவாப் பட்டம் 1855ல் மறைந்தது. சேப்பாக்கம் அரண்மனையும் கடனுக்காக ஏலத்துக்கு வந்தது, அரசாங்கமே வாங்கியது. பாளையங்கள் ஜமீன்களாகி, 1948ல் வந்த சட்டத்தால் ஜமீன்களும் போயின. ரஞ்சன்குடிக் கோட்டை நிற்கிறது. ஆனால் அந்தக் கேள்வி மட்டும் பழசாகவில்லை.

வாங்கிய கடனைத் திருப்பிக் கொடுக்காதே என்று நான் சொல்ல வரவில்லை. நம் மக்கள் நாணயத்துக்குப் பேர் போனவர்கள். நான் சொல்வது வேறு. அரசு வாங்கும் கடனானாலும் சரி, ஊரில் குழுவாகச் சேர்ந்து வாங்கும் கடனானாலும் சரி, மூன்று கேள்விகளைக் கேளுங்கள். வாங்கியது யார்? அனுபவித்தது யார்? கட்டப் போவது யார்? மூன்றுக்கும் ஒரே விடை வந்தால் அது கடன். வெவ்வேறு விடை வந்தால், பணத்தை எடுக்காதீர்கள். முதலில் பத்திரத்தை எடுத்து வைக்கச் சொல்லுங்கள்.

ஒருவன் தனியாகக் கேட்டால் மிரட்டுவார்கள். ஊர் சேர்ந்து கேட்டால் கணக்கைக் காட்டித்தான் ஆக வேண்டும். நம் முன்னோருக்கு அந்தச் சங்கம் இல்லை. நமக்கு இருக்கிறது.