நுளம்பும் யானைக்கால் நோயும்

(வாலிபர் கூட்டத்திலே நிகழ்த்திய உரை)



யானைக்கால் நோயைப் பற்றி மாத்தளையிலே பேசவேண்டிய தேவை என்ன என்று உங்களிற் சிலர் எண்ணக்கூடும். அது கரையோரத்து வியாதி, மலைநாட்டை நாடாது என்பது நம்மவர் பலருடைய அபிப்பிராயம். அந்த அபிப்பிராயத்தைச் சற்று ஆராய்ந்து பார்க்க விரும்புகிறோம்.

இந்நோய்க்குக் காரணம் ஒரு புழு. நூல்போல் மெலிந்த அப்புழு மனிதனுடைய நிணநீர்க் குழாய்களிலே குடிகொண்டு ஆண்டுக்கணக்காக வாழ்கின்றது. அது ஈனும் நுண்புழுக்கள் இரத்தத்திலே கலந்து திரிகின்றன. பகலிலே உடம்பின் உட்பாகத்தில் ஒளிந்திருந்து, இரவிலே தோலுக்கு அண்மையிலுள்ள இரத்தத்துக்கு வருகின்றன. அவற்றைச் சுமக்கும் நுளம்பும் இரவிலேதான் கடிக்கின்றது! ஆகையினாலேதான் சுகாதாரப் பகுதியார் ஊர் உறங்கும் வேளையில் வந்து விரலிலே ஊசி குத்தி இரத்தம் எடுக்கின்றனர்.

சீன தேசத்து அமோய் துறைமுகத்தில் வைத்தியராயிருந்த பற்றிக் மான்சன் என்பவர், 1877 ஆம் ஆண்டில், இப்புழு நுளம்பின் உடலுக்குள்ளே வளர்வதைக் கண்டார். மலேரியாவைப் பற்றிய உண்மையை றொனால்ட் றொஸ் 1897 இல் காண்பதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்னரே இது நிகழ்ந்தது. நுளம்பு இறந்து விழுந்த தண்ணீரைக் குடிப்பதனால் நோய் வருகிறதென்று மான்சன் முதலில் நினைத்தார். 1900 ஆம் ஆண்டிலே லோ என்பவர் நுளம்பின் ஊசிவாயிலேயே புழுவைக் கண்டபின்னர்தான், கடியினால் அது பரவுவது தெளிவாயிற்று.

இப்புழுவைப் பரப்பும் கியூலெக்ஸ் நுளம்பு விரும்புவது அழுக்குத் தண்ணீரை. அடைபட்ட கான், மூடி உடைந்த மலசலகூடக் குழி, தேங்காய் மட்டை ஊறவைக்கும் கிடங்கு ஆகியவையே அதற்குத் தொட்டில்கள். இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். புழு நுளம்புக்குள் வளருமேயன்றிப் பெருகாது. ஒரு கடியினாலே நோய் வருவது அரிது. மாதக்கணக்காகப் பலமுறை கடிபட்டாலே புழு குடியேறும். எனவே ஒருவருக்கு யானைக்கால் வந்திருப்பின், அவர் வாழ்ந்த ஊரின் கான்கள் நெடுநாளாகக் கவனிப்பாரற்றுக் கிடந்தன என்பதே பொருள்.

இலங்கையிலே யானைக்கால் தடுப்பு இயக்கம் 1947 இல் தொடங்கிற்று. அந்நாளிலே இங்கு இரண்டு வகைப் புழுக்கள் இருந்தன. ஒருவகையைப் பரப்பிய மான்சோனியா நுளம்பின் குஞ்சுகள் ஆகாயத்தாமரை போன்ற நீர்ச்செடிகளின் வேரைத் துளைத்தே மூச்சு விடுபவை. செடிகளை அழித்ததனால் அவ்வகை நோய் 1960களில் மறைந்தது. மற்றையது மேல், தென், வடமேல் மாகாணங்களின் எட்டு மாவட்டங்களிலே நிலைத்திருந்தது. 2002 முதல் 2006 வரை ஆண்டுதோறும் அங்குள்ள மக்களுக்கு மாத்திரை கொடுக்கப்பட்டது. 2016 இல் உலக சுகாதார நிறுவனம், இலங்கையிலே யானைக்கால் நோய் பொதுச் சுகாதாரப் பிரச்சினை என்ற நிலையிலிருந்து நீங்கியதென ஏற்றுக்கொண்டது. நாம் பெருமைப்பட வேண்டிய வெற்றி இது.

ஆயினும் வெற்றிப் பத்திரம் காவலை நிறுத்தும் கட்டளையன்று. மறைந்துபோன முதலாவது வகை நான்கு தசாப்தங்களின் பின் மீண்டும் தென்பட்டது. நாய்களின் இரத்தத்திலும் அவ்வினப் புழு காணப்பட்டது. நமது மாவட்டம் அந்த எட்டினுள் அடங்காது என்பது உண்மையே. ஆனால் அவற்றுள் ஒன்றாகிய குருநாகல் நமது மேற்கு எல்லையிலே இருக்கின்றது. தம்புள்ளை மரக்கறிச் சந்தைக்கு நாட்டின் பல பாகங்களிலிருந்தும் லொறிகள் இரவிரவாக வந்து போகின்றன. எல்லைக் கல்லைக் கண்டு நுளம்பு திரும்பிப் போவதில்லை.

பெரியோர்களுக்குப் பணிவுடன் ஒரு வார்த்தை. இந்நோயாளரைக் கண்டால், "முன்செய்த வினை" என்று கூறி ஒதுங்குவது நம்மிடையே உண்டு. அதனால் அவர்கள் கலியாண வீட்டுக்கும் திருவிழாவுக்கும் வராது, வேட்டியாலும் சேலையாலும் காலை மறைத்துக்கொண்டு வீட்டிலே அடைந்து கிடக்கிறார்கள். வைத்தியரிடம் போகவும் வெட்கப்படுகிறார்கள். அவர்களைத் தொட்டால் நோய் தொற்றாது. கானைத் துப்பரவாக்காத நாம் நோயாளியின் வினையைப் பேசுவது நியாயமாகுமா?

முற்றாக வீங்கிய காலை மாத்திரை பழையபடி ஆக்காது. ஆனால் நாள்தோறும் சவர்க்காரமிட்டுக் கழுவி, விரலிடுக்கில் ஈரமின்றித் துடைத்து, சிறு புண்ணுக்கும் மருந்திட்டு, இருக்கும்போது காலை உயர்த்தி வைத்தால், அடிக்கடி வரும் காய்ச்சலும் வலியும் குறையும். விரை வீக்கத்தைச் சத்திர சிகிச்சையால் மாற்றலாம்.

வாலிபர்களாகிய நமக்கு மூன்று கடமைகள் உண்டு. நமது தெருக் கான்களையும் லயத்துக் கான்களையும் சிரமதானத்தால் ஓடச்செய்தல் ஒன்று. உடைந்த குழி மூடிகளைப் பார்த்துப் பொதுச் சுகாதாரப் பரிசோதகருக்கு அறிவித்தல் இரண்டு. வீட்டுக்குள் ஒளிந்திருக்கும் நோயாளியைக் கைபிடித்து வைத்தியசாலைக்கு அழைத்துச் செல்லுதல் மூன்று. முதலிரண்டுக்கும் மண்வெட்டியும் கடதாசியும் போதும். மூன்றாவதற்கு நல்ல மனம் வேண்டும். அது நம்மிடம் இருக்கிறதென்ற நம்பிக்கையோடு அமர்கின்றோம்.