சோடா வாங்க ஆள் அனுப்பாதீர்கள்

(சேரிப் பெண்கள் கூடிய மாலைக் கூட்டம் ஒன்றில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் பேசியது. பேச்சு நடக்கும்போதே பக்கத்தில் அடுப்பு மூட்டி டீ போடப்பட்டது. பேச்சு நடையைப் பெரும்பாலும் அப்படியே விட்டிருக்கிறோம்.)



எனக்குக் கொடுத்த தலைப்பு 'தலித் பெண்ணும் பண்பாட்டு அரசியலும்'. பெரிய தலைப்பு. நான் முப்பத்திரண்டு வருசம் ஆரம்பப் பள்ளியில் அ, ஆ சொல்லிக் கொடுத்தவள். அவ்வளவு பெரிய தலைப்பைத் தூக்க எனக்குத் தெம்பு இல்லை, டீ போடுறதைப் பத்தி வேணும்னா பேசுறேன் என்றேன். சரி என்று விட்டார்கள். ஆனால் ஒரு நிபந்தனை போட்டேன். நம்ம இயக்கக் கூட்டங்களில் இத்தனை வருசமாக நான் பார்த்தது, ஆண் தோழர்கள் முன்னால் உட்கார்ந்து விடுதலையைப் பற்றி விவாதிப்பார்கள், நாம் கொல்லையில் அடுப்பை ஊதிக்கொண்டிருப்போம். இன்னைக்கு நான் பேசுவேன், டீ தம்பிமார்தான் போடணும். அதான் அங்க புகையுது. விறகை வெளியே இழுத்து வை தம்பி, எரியும்.

நாற்பது பேர் இருக்கோம். ரெண்டரை லிட்டர் தண்ணி வையுங்க. கொதிச்சு வத்துறது போக ரெண்டு லிட்டர் நிக்கும். பால் ரெண்டு லிட்டர். பாதிக்குப் பாதி, அதுதான் நம்ம வீட்டுக் கணக்கு. கடைக்காரன் கணக்கு வேற.

தண்ணியில இருந்து ஆரம்பிக்கிறேன், ஏன்னா நம்ம கதையே தண்ணியில ஆரம்பிக்கிறதுதான். 1927 மார்ச் 20ஆம் தேதி மகாடில் சவுதார் குளத்தில் அண்ணல் அம்பேத்கர் இறங்கித் தண்ணீர் அள்ளிக் குடித்தார். ஆயிரக்கணக்கான பேர் பின்னால் குடித்தார்கள். அப்புறம் சாதி இந்துக்கள் அந்தக் குளத்துக்குத் தீட்டுக் கழித்தார்கள். எதை ஊற்றி? நூற்றெட்டுப் பானையில் பால், தயிர், சாணி, மூத்திரம். ஆடும் மாடும் குடித்த குளம்தான் அது. மாடு வாய் வைத்தால் தீட்டில்லை, மனுசன் கை வைத்தால் தீட்டு. அந்தத் தீட்டைக் கழிக்க மாட்டு மூத்திரம். இதைப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும்போது ஒரு பையன் கேட்டான், "டீச்சர், அதுக்கப்புறம் அந்தத் தண்ணியைக் குடிச்சாங்களா?" நான் என்னத்தைச் சொல்ல.

சரி, இஞ்சி. நூறு கிராம் இஞ்சியை மண் போகக் கழுவித் தட்டிப் போடுங்க. அரைக்க வேண்டாம், நசுங்கினால் போதும். இதைத் தண்ணியிலதான் முதல்ல போடணும். பச்சை இஞ்சியைப் பாலில் போட்டால் பால் திரிஞ்சிரும். இஞ்சிக்குள்ள பாலைத் திரிக்கிற சத்து ஒண்ணு இருக்கு. கொதிக்கிற தண்ணியில அஞ்சு நிமிசம் கிடந்தா அதோட வேகம் அடங்கிரும். பால் திரிஞ்சா நம்ம பொம்பளைங்க 'கண்ணு பட்டிருச்சு'ன்னு சொல்றாங்க. கண்ணும் இல்லை, காத்தும் இல்லை. வரிசை மாறிப் போச்சு, அவ்வளவுதான். கருப்பட்டிக்கும் இதே கதைதான். கொதிக்கிற பாலில் கருப்பட்டி போட்டால் திரியும். அடுப்பை விட்டு இறக்கின பிறகு போடணும்.

ஏலக்காய் இருபது எடுங்க. விதையைத் தனியா வச்சுக்கிட்டுத் தோலை மட்டும் தண்ணியில போடுங்க. விதையைப் பொடிச்சுக் கடைசியில போடலாம். எங்க அம்மா விதையைப் பண்டிகைப் பாயசத்துக்கு எடுத்து வைத்துவிட்டுத் தோலில்தான் டீ போடுவார். அதுவே தெரு முழுக்க மணக்கும்.

எங்க அம்மா ஏலக்காட்டுக்குப் போனவர். போடியில் விடியுமுன்னே ஜீப் வந்து நிற்கும். எட்டுப் பேர் உட்காருகிற ஜீப்பில் பதினெட்டுப் பேர். போடிமெட்டு ஏறி, பூப்பாறை தாண்டிப் போகணும். ஏலக்காய் மிளகு மாதிரி மேலே கொடியில் தொங்குறது இல்லை. செடியின் தூரில், தரையை ஒட்டிச் சரம் விட்டுக் காய்க்கும். குனிந்தோ குத்த வைத்தோதான் எடுக்கணும். அதிலும் முற்றின காயை மட்டும் பார்த்துப் பார்த்து எடுக்கணும், பிஞ்சில் கை பட்டால் கங்காணி வைவான். மழை, அட்டை. நாலைந்து கிலோ பச்சைக்காய் ஸ்டோரில் காய்ந்தால் ஒரு கிலோ ஏலக்காய். சாயங்காலம் காட்டை விட்டு இறங்கும்போது மடியையும் முந்தானையையும் உதறிக் காட்டணும். அதனால அம்மா வீட்டுக்கு ஒரு காய்கூடக் கொண்டு வந்தது இல்லை. கையில மணம் மட்டும் வரும். சின்னப் பிள்ளையில் நான் அம்மா கையை மோந்து பார்த்துக்கிட்டே தூங்குவேன். டீயில் போடுகிற ஏலக்காயைக் காசு கொடுத்துக் கடையில் வாங்கினோம்.

தமிழில் காய்க்கும் ஏலம்னு பேரு, விலை கூறி விக்கிறதுக்கும் ஏலம்னு பேரு. 2019 ஆகஸ்டில் ஏலக்காய் ஏலத்தில் ஒரு கிலோ 7000 ரூபாய் வரைக்கும் ஏறியது. பேப்பரில் படம் போட்டார்கள். எடுத்தவளுடைய கூலியை அப்படி யாரும் ஏலம் விட்டு ஏத்தவில்லை.

கொதி வந்திருச்சா? இப்ப டீத்தூள். தொண்ணூறு கிராம், நூறு கிராம் போதும். நம்ம வாங்குறது டஸ்ட். இலையை இயந்திரத்தில் நசுக்கி, கிழித்து, சுருட்டி எடுத்து, அதைச் சலிக்கும்போது கடைசியில் கீழே விழுகிற பொடி. பெரிய இலைத் தேயிலை வெளிநாட்டுக்கும் பெரிய வீட்டுக்கும் போகும். பொடி பொடியாக இருப்பதால் சாரம் சீக்கிரம் இறங்கும், கொஞ்சத்திலேயே நிறம் கொடுக்கும். ரெண்டு மூணு நிமிசத்துக்கு மேல் கொதிக்க விட்டால் கசப்பு நாக்கைப் பிடிக்கும்.

இந்தத் தூளைப் பறித்தவள் யார் என்று கேட்டால், பெரும்பாலும் நம்ம சாதிசனம்தான். இலங்கை மலையகத்துக்குக் கப்பலேறினது, நீலகிரி, வால்பாறை, மூணாறு, மாஞ்சோலைக்கு மலையேறினது எல்லாம் பெரும்பாலும் சேரிகளிலிருந்து போன குடும்பங்கள். கூலி உயர்வும் சிறையில் இருந்தவர்கள் விடுதலையும் கேட்டு 1999 ஜூலை 23இல் மாஞ்சோலைத் தொழிலாளர்களுக்காகத் திருநெல்வேலியில் ஊர்வலம் போனவர்கள் மீது போலீஸ் தடியடி நடத்தியது. தாமிரபரணியில் 17 பேர் செத்தார்கள். 2015 செப்டம்பரில் மூணாறில் பெண்கள் தெருவில் உட்கார்ந்தார்கள். பெம்பிளை ஒருமை. தொழிற்சங்கத் தலைவர்களைக்கூடப் பக்கத்தில் வரவிடாமல் தாங்களே பேசி 20 சதவீத போனஸை வாங்கினார்கள். தினக்கூலி அப்போது 232 ரூபாய். 500 கேட்டார்கள், கடைசியில் 301க்கு முடிந்தது. 2020 ஆகஸ்ட் 6ஆம் தேதி ராத்திரி அதே மூணாறுப் பக்கம் பெட்டிமுடியில் மண் சரிந்து லயத்தோடு 70 பேரைக் கொண்டுபோனது. பலர் கயத்தாறுப் பக்கத்துச் சொந்தங்கள்.

அப்படிப் பறித்த தேயிலையை ஊர்க் கடையில் நமக்கு எப்படிக் கொடுத்தார்கள் என்பது உங்களுக்குத் தெரியும். எங்க தாத்தா காலத்தில் கூரை எறவாணத்தில் செருகி வைத்த சிரட்டை. எங்க அப்பா காலத்தில் தனி கிளாஸ். குடித்துவிட்டு நாமே கழுவிக் கவிழ்க்கணும். காசைத் திண்ணையில் வைக்கணும். தீண்டாமைக் குற்றச் சட்டம் 1955இலேயே வந்துவிட்டது, வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989இல் வந்தது. சிரட்டை போய் கிளாஸ் வந்து, பல கடைகளில் இப்போது பேப்பர் கப் வந்திருக்கிறது. எல்லோருக்கும் பேப்பர் கப் என்றால் எனக்கு ஒரு வழக்கும் இல்லை. அவர்களுக்குக் கிளாஸ், நமக்குக் கப் என்றால் அது சிரட்டைதான்.

எங்க வீட்டில் டீ போட ஆரம்பித்ததே அதனால்தான். 1978, நான் ஆறாம் வகுப்பு. அம்மா ஒரு நாள் அப்பாவைப் பார்த்து, "காசையும் குடுத்து அசிங்கத்தையும் வாங்கிக் குடிக்கணுமா? தூளு வாங்கிட்டு வாங்க"ன்னு சொல்லிட்டார். அன்னையிலிருந்து அப்பா கடைவாசலை மிதிக்கவில்லை. நாலு வீடு எங்களைப் பார்த்து மாறினது. போராட்டம்னு அதுக்கு யாரும் பேர் வைக்கவில்லை.

பால்தான் கஷ்டம். மாடு ஊரில். நான் போணியைக் கொண்டு போவேன். தரையில் வைத்துவிட்டுத் தள்ளி நிற்கணும். அந்தம்மா இடுப்பு உயரத்திலிருந்து ஊற்றும், பாதி தெறித்துப் போகும். தெறித்ததுக்கும் சேர்த்துத்தான் காசு. பின்னாடி பாக்கெட் பால் வந்தது. அதைப் பற்றி ஆயிரம் குறை சொல்லலாம், சத்து இல்லை, பவுடர் கலக்கிறான் என்று. எனக்குப் பாக்கெட் பால் பிடிக்கும். யார் முன்னாலயும் குனிஞ்சு போணி வைக்க வேண்டாம். ஊத்து தம்பி. பொங்கி வரட்டும், அடக்கு, மறுபடியும் பொங்கட்டும்.

இப்பச் சொல்ல வந்த விசயத்துக்கு வாறேன்.

2003இல் எங்க அப்பா செத்துப் போனார். பதினாறு கழித்து என்னோடு வேலை பார்த்த ஆசிரியைகள் நாலு பேர் துக்கம் விசாரிக்க வீட்டுக்கு வந்தார்கள். எட்டு வருசமாக ஒரே ஸ்டாஃப் ரூம். நல்லவர்கள்தான், என் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் என் வகுப்பையும் சேர்த்துப் பார்த்துக்கொள்வார்கள். அவர்கள் உட்கார்ந்ததும் எங்க அம்மா என்ன செய்தார் தெரியுமா? யாரும் சொல்லாமலேயே என் மகன் கையில் ரூபாயைக் கொடுத்து, "ஓடிப்போய் நாலு சோடா வாங்கிட்டு வா"ன்னார்.

இது உங்க எல்லார் வீட்டிலும் நடக்கிறது. வி.ஏ.ஓ. வந்தால் சோடா. ஓட்டுக் கேட்டு வந்தால் கலர். ஏன்? மூடி போட்ட பாட்டில். நம்ம கை படலை, நம்ம தண்ணி இல்லை, நம்ம ஏனம் இல்லை. அவர்கள் கேட்பதற்கு முன்னாலேயே நாமே தீட்டுக் கழித்து நீட்டுகிறோம். அதுக்கு மரியாதைன்னு பேரு வச்சிருக்கோம். பெரிய மனசு நமக்கு. அவங்க கூச்சப்படக் கூடாதுன்னு நம்ம காசைச் செலவழிச்சு அவங்க சாதியைக் காப்பாத்திக் கொடுக்கிறோம்.

நான் மகனைத் தடுத்துவிட்டேன். "டீ போடுறேன்"னேன். அம்மா என் கையைப் பிடிச்சு, "ஏண்டி, துக்கத்துக்கு வந்தவங்களச் சங்கடப்படுத்துற?"ன்னார். கேட்கவில்லை. இஞ்சி தட்டி, அன்றைக்கு விதையும் தோலுமாக ஏலக்காய் போட்டு, நாலு சில்வர் டம்ளரில் கொண்டுபோய் வைத்தேன். ஒருத்தர் விரதம் என்றார். ஒருத்தர் இப்பத்தான் குடிச்சிட்டு வந்தேன் என்றார். ஒருத்தர் ஒன்றும் சொல்லாமல் சுவரில் மாட்டியிருந்த அப்பா படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நாலாவது டீச்சர் எடுத்து, மூச்சு விடாமல் கசாயம் மாதிரி ஒரே மடக்கில் குடித்துவிட்டு வைத்தார். அதைக் குடித்த கணக்கில் சேர்ப்பதா வேண்டாமா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. நாக்கு வெந்திருக்கும் பாவம்.

அவர்கள் போன பிறகு மூணு டம்ளரிலும் ஆடை படிந்து கிடந்தது. அம்மா அதைக் கீழே ஊற்றவில்லை. மூணையும் சட்டியில் கவிழ்த்துச் சூடு பண்ணி, தனியாக உட்கார்ந்து குடித்தார். ஏலக்காய் போட்ட டீயைக் கொட்ட அவருக்கு மனசு வராது. என்கிட்ட ரெண்டு நாள் பேசவில்லை. மூணாம் நாள், "அந்தப் படத்தைப் பார்த்துக்கிட்டிருந்த டீச்சர் எந்த ஊரு?"ன்னு மட்டும் கேட்டார்.

இதைச் சொன்னால் நம்ம தோழர்களே கேட்கிறார்கள். அவன் வந்து குடிச்சால்தான் நமக்குப் பெருமையா, இது கெஞ்சுறது இல்லையா என்று. நியாயமான கேள்விதான். நான் அவர்களைக் குடிக்கச் சொல்லிக் கெஞ்சவில்லை. குடிக்காமல் போகட்டும். ஆனால் வேண்டாம் என்று அவர்கள் வாயால் சொல்லட்டும். நம் வீட்டில், நம் முகத்தைப் பார்த்து, விரதம், சுகர் என்று பொய்யாவது சொல்லட்டும். அந்தப் பொய்யைச் சொல்கிற சிரமம் அவர்களுடையது. சோடாவைக் கொடுத்து அந்தச் சிரமத்தை நாம் ஏன் வாங்கிக்கொள்ளணும்? எட்டு வருசம் ஒரே அறையில் இருந்து எனக்குத் தெரியாத ஒன்று நாலு டம்ளரில் பத்து நிமிசத்தில் தெரிந்தது.

அப்புறம் பள்ளிக்கூடத்தில் சங்கடமாக இருந்ததா? இருந்தது. ஒரு மாதம் பேச்சுக் குறைந்துபோனது. டிபன் பாக்ஸைத் தள்ளி வைத்துக்கொண்டார்கள். மாறுதல் கேட்டுப் போய்விடலாமா என்றுகூட நினைத்தேன், போகவில்லை. எனக்கு அரசாங்கச் சம்பளம் இருந்தது, தாங்கினேன். அவங்க காட்டில் கூலிக்குப் போகிறவள் இதைச் செய்தால் அடுத்த நாள் வேலை இருக்காது என்பதும் எனக்குத் தெரியும். அதனால் எல்லாரும் நாளைக்கே செய்யுங்கள் என்று சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. முடிகிற வீட்டில் முதலில் செய்வோம். வாத்தியார் வீடு, கிளார்க் வீடு, நம்ம கவுன்சிலர் வீடு. முக்கியமாக நம்ம கவுன்சிலர் வீடு.

தம்பி, பால் ரெண்டு தரம் பொங்கிருச்சு, இறக்கு. விதைப் பொடியை இப்பத் தூவி மூடு, ஒரு நிமிசம் இருக்கட்டும். வடிகட்டி ஆத்தி ஊத்துங்க. சர்க்கரை வேண்டாங்கிறவங்க கையைத் தூக்குங்க. பேப்பர் கப்பை எடுத்துட்டு வந்தது யாரு? அதைத் திருப்பிக் கொண்டு போ. நாலு வீட்டில் டம்ளர் வாங்கிட்டு வா, கழுவுறதும் நீங்கதான்.