விபத்தை எழுதி வைத்தவர்கள்

இலண்டனில் 'ஃப்ளைட்' வார இதழ் 1909இல் தொடங்கியபோது, ரைட் சகோதரர்கள் முதன்முதலில் பறந்து ஆறு ஆண்டுகள்கூட ஆகியிருக்கவில்லை. அக்கால விமான எழுத்தில் சாதனையும் போட்டியுமே மிகுதி. விமானி எதைத் தவறாகப் புரிந்துகொள்கிறார் என்பதைப் பொறுமையாக விளக்கிய நூல் 1944இல் வந்த லாங்கவிஷியின் 'ஸ்டிக் அண்ட் ரட்டர்'. விமானப் பயிற்சியில் இன்றும் அது படிக்கப்படுகிறது.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் எழுத்தின் போக்கு மாறியது. அனைத்துலகச் சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு விபத்து விசாரணைக்கான 13ஆம் இணைப்பை 1951இல் ஏற்றது. விசாரணையின் ஒரே நோக்கம் விபத்தைத் தடுப்பதுதான், யார்மீதும் பழி சுமத்துவதல்ல என்பது அதன் இன்றைய அடிப்படை விதி. ஆஸ்திரேலிய அரசு 1953இல் விமானிகளுக்காகவே 'ஏவியேஷன் சேஃப்டி டைஜெஸ்ட்' இதழைத் தொடங்கியது.

ஆனால் எழுதினால் மட்டும் போதாது. எழுதியது உரியவரின் கைக்குப் போய்ச் சேர வேண்டும். 1974 டிசம்பர் 1 அன்று வாஷிங்டனை நெருங்கிய டிடபிள்யூஏ விமானம், எவ்வளவு தாழ இறங்கலாம் என்ற குழப்பத்தில் மலையில் மோதி 92 பேர் மாண்டனர். சில வாரங்களுக்கு முன்புதான் வேறொரு நிறுவனத்தின் விமானிகள் அதே குழப்பத்தில் சிக்கி, மயிரிழையில் தப்பியிருந்தனர். அந்த எச்சரிக்கை அவர்கள் நிறுவனத்தைத் தாண்டவில்லை. இதன் பிறகே, தவறு செய்தவரே பெயர் வெளிவராமல் அதைத் தெரிவிக்கும் முறையை நாசா 1976இல் தொடங்கியது. அத்தகவல்களைத் தாங்கி 1979 முதல் 'கால்பேக்' மடல் வருகிறது. விமானப் பாதுகாப்பு எழுத்தில் இதைவிட நேர்மையான வாசிப்பு அரிது.

மலேசியாவில் பட்டம் பெறும் விமானப் பொறியாளர் கட்டாயம் படிக்க வேண்டியது 1989 பிப்ரவரி 19 விபத்தைத்தான். சிங்கப்பூரிலிருந்து கோலாலம்பூர் வந்த ஃப்ளையிங் டைகர் சரக்கு விமானத்தை 2,400 அடிக்கு இறங்கச் சொல்ல, கட்டுப்பாட்டாளர் "டிசென்ட் டூ ஃபோர் ஜீரோ ஜீரோ" என்றார். அந்த 'டூ' விமானிகளின் காதில் எண்ணாக விழவில்லை. 400 அடிக்கு என்றே கொண்டனர். "ஓகே, ஃபோர் ஜீரோ ஜீரோ" என்ற அவர்களின் மறுமொழியையும் யாரும் திருத்தவில்லை. தரை நெருங்குவதாகக் கருவி எச்சரித்தும் அவர்கள் விமானத்தை மேலெழுப்பவில்லை. சுபாங் அருகே குன்றில் மோதி நால்வரும் இறந்தனர். பயிற்சி வகுப்புகளில் இது இன்றும் பாடம்.

மலேசியாவின் ஜொகூர் மாநிலம் கண்ட துயரம் வேறு வகை. 1977 டிசம்பர் 4 இரவு, பினாங்கிலிருந்து கோலாலம்பூருக்குப் புறப்பட்டுக் கடத்தப்பட்ட மலேசிய போயிங் 737, அம்மாநிலத்தின் தஞ்சோங் கூபாங்கில் விழுந்தது. 100 பேரில் ஒருவரும் பிழைக்கவில்லை. கடத்தியவர் யார் என்பது இன்றளவும் உறுதியாகவில்லை. நடந்ததைச் சொல்ல ஆளே மிஞ்சாத இத்தகைய விபத்தில், விசாரணையாளர் குரல்பதிவுக் கருவியையும் சிதைவுகளையுமே நம்பியிருக்க வேண்டும்.

2014இல் 239 பேருடன் மறைந்த மலேசியாவின் எம்எச்370 விமானத்தின் குரல்பதிவுக் கருவியும் கிடைக்கவில்லை. 2018 ஜூலையில் வெளியான மலேசிய அறிக்கை, காரணத்தை உறுதிசெய்ய இயலவில்லை என்று வெளிப்படையாக எழுதியது. அந்த இழப்புக்குப் பிறகு உலக விதிகள் இறுகின: கடல்மேல் பறக்கும் பெரிய பயணிகள் விமானங்களின் இருப்பிடம் 15 நிமிடத்துக்கு ஒருமுறையாவது தெரிய வேண்டும், நீருக்கடியில் ஒலியெழுப்பும் கருவி 30 நாளுக்குப் பதில் 90 நாள் இயங்க வேண்டும்.