வாந்தி மருந்தும் உப்புநீரும்



பிள்ளை வாந்தியெடுத்தால் அரைநாள் கூலியைக் கொடுத்துக் கடையில் வாந்தி மருந்து வாங்குகிறோம். கடைக்காரரைச் சொல்லிப் பயனில்லை. டாக்டர் இல்லாத ஊரில் அவரே டாக்டர்! போன மாதம் நம் தோழர் ஒருவரின் குழந்தைக்கு அப்படிக் கொடுத்ததில் கழுத்தும் முகமும் முறுக்கிக்கொண்டன. மெட்டோகுளோபிரமைடு என்ற மருந்து சில பிள்ளைகளை இப்படிச் செய்யும். ஆஸ்பத்திரியில் ஊசி போட்ட பிறகே சரியாயிற்று.

பிள்ளையின் உயிரைக் குடிப்பது பெரும்பாலும் உடம்பில் நீர் வற்றுவதுதான். 1971-ல் வங்க அகதிகள் தங்கிய பன்காவ் முகாமில் பாட்டில் மருந்து போதவில்லை. டாக்டர் திலீப் மகலனாபிஸ் டிரம்மில் உப்பும் சர்க்கரையும் கரைத்துக் கொடுத்தார். 100-க்கு 30 என்றிருந்த சாவு 4-க்கும் கீழே இறங்கியது!

அந்த உப்புநீர்தான் ஓ.ஆர்.எஸ். அரசு சுகாதார நிலையத்தில் இலவசம். பெரிய பொட்டலத்தை முழுதாக ஒரு லிட்டர் காய்ச்சி ஆறிய நீரில் கரையுங்கள். வாந்தியெடுத்தால் 10 நிமிடம் பொறுத்து, கரண்டி கரண்டியாகக் கொடுங்கள். தாய்ப்பாலை நிறுத்தாதீர்கள்.

அதுவும் தங்காவிட்டால் டாக்டர் எடை பார்த்து ஒருவேளை ஒண்டான்செட்ரான் கொடுப்பார். உப்புநீர் வயிற்றில் தங்கவே அது.

வாந்தி பச்சையாக இருந்தால், கண் குழி விழுந்தால், 6 மணி நேரம் மூத்திரம் போகாவிட்டால், லீவு கேட்டு மேஸ்திரி முன் நிற்க வேண்டாம், ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள். கூலியை வெட்டினால் சங்கத்துக்கு வாருங்கள், நாம் பேசிக்கொள்கிறோம்.