அக்கா தொடங்கிய ஆட்டம்

புதுச்சேரி உப்பளம் இந்திரா காந்தி விளையாட்டு அரங்கத்துக்குப் போகிறவர்கள் கவனித்திருப்பீர்கள். மைதானத்தில் ஒரு பிள்ளை ஓடிக்கொண்டிருக்கும். அதன் அக்காவோ தம்பியோ பையையும் தண்ணீர் பாட்டிலையும் வைத்துக்கொண்டு படிக்கட்டில் உட்கார்ந்திருக்கும். இன்று நான் பேச வந்தது அந்தப் படிக்கட்டுப் பிள்ளையைப் பற்றி.

சென்னை பாடியில் அப்படி ஒரு பிள்ளை இருந்த வீடு. மகள் வைஷாலி எந்நேரமும் தொலைக்காட்சி பார்க்கிறாளே என்று சதுரங்க வகுப்பில் சேர்த்தார்கள். அக்கா ஆடுவதைப் பார்த்துத் தம்பி பிரக்ஞானந்தாவும் பலகைப் பக்கம் வந்துவிட்டான். தகப்பனார் ரமேஷ்பாபுவுக்கு முதலில் மனமில்லை. போட்டிக் கட்டணம், பயணம், தங்கும் செலவு என்று ஒரு பிள்ளைக்கே இவ்வளவு ஆகும்போது இன்னொன்றையும் எப்படி அனுப்புவது? புதுச்சேரியிலும் எத்தனையோ வீடுகள் இந்தக் கணக்கைப் போட்டிருக்கின்றன. நமக்கென்று ஒரு ரஞ்சி அணி அமைந்ததே 2018இல்தானே? அதுவரை கிரிக்கெட் ஆடும் பிள்ளையை வெளியூருக்கு அல்லவா அனுப்ப வேண்டியிருந்தது! இப்படிக் கை இறுகும்போது பெரும்பாலும் பெண் பிள்ளையைத்தான் நிறுத்துவார்கள். பாடி வீட்டில் அப்படி நடக்கவில்லை. அந்தப் பெற்றோரை நான் மதிப்பது முதலில் அதற்காகத்தான்.

ரமேஷ்பாபு வங்கி ஊழியர், இளம்பிள்ளை வாதத்தால் பாதிக்கப்பட்டவர். பணத்துக்கும் பயணத்துக்கும் வழி செய்வது அவர் பொறுப்பு. தாயார் நாகலட்சுமி பிள்ளைகளோடு ஊர் ஊராகப் போனார். வெளிநாட்டுக்கும் அடுப்பும் பாத்திரமும் எடுத்துப்போய்ச் சோறும் ரசமும் வைத்துக்கொடுத்தார். 2023 சதுரங்க உலகக் கோப்பையின்போது மகன் பேட்டி கொடுக்க, ஓரமாக நின்று அவர் பூரித்துப் பார்த்த படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

வைஷாலியை எத்தனை பேர் பார்த்தோம்? 2013இல் உலகின் முதல்நிலைச் சதுரங்க வீரர் கார்ல்சன் சென்னைக்கு வந்து ஒரே நேரத்தில் பலரோடு ஆடினார். அன்று 12 வயது வைஷாலி அவரைத் தோற்கடித்தார். 2018இல் தம்பி 12 வயதிலேயே கிராண்ட்மாஸ்டர் ஆனான். கேமராக்கள் எல்லாம் அவன் பக்கம் திரும்பின. ஆட்டத்தை வீட்டுக்குள் கொண்டுவந்தவள் அக்கா, பேர் வாங்கியது தம்பி. ஒரே வீட்டில் இருந்துகொண்டு அதைத் தாங்குவது லேசான காரியமா? அந்த வயதில் மனசு உடைந்து ஆட்டத்தையே விட்டுவிடும் பிள்ளைகள் உண்டு. வைஷாலி விடவில்லை. தம்பியோடு உட்கார்ந்து ஆட்டங்களை அலசினார். அவனையே தன் பயிற்சித் துணையாக்கிக்கொண்டார். ஐந்தரை ஆண்டுகள் கழித்து, 2023 டிசம்பரில், அவரும் கிராண்ட்மாஸ்டர் ஆனார். அக்காவும் தம்பியும் அந்தப் பட்டம் பெற்றது உலகத்திலேயே அதுதான் முதல்முறை.

2024 ஏப்ரலில் டொராண்டோவில், உலகப் பட்டத்துக்கு மோதுபவரைத் தேர்ந்தெடுக்க நடந்த கேண்டிடேட்ஸ் போட்டியில் இருவரும் ஆடினார்கள். வைஷாலி அடுத்தடுத்து நான்கு ஆட்டங்கள் தோற்றார். இனி அவ்வளவுதான் என்று எல்லோரும் நினைத்தபோது, மிச்சமிருந்த ஐந்தையும் வரிசையாக வென்றார்!

அதே ஆண்டு செப்டம்பரில் புடாபெஸ்ட் சதுரங்க ஒலிம்பியாட். தம்பி ஆடிய அணிக்கும் தங்கம், அக்கா ஆடிய பெண்கள் அணிக்கும் தங்கம். பாடி வீட்டுக்கு ஒரே நாளில் இரண்டு பதக்கங்கள்.